சிவந்தவள் என்றொரு மலை ஊர்

ருமேனியாவின் அப்புசேனி மலைகளுக்கு நடுவே ஒரு சின்ன ஓடை. அதன் தண்ணீர் துருப்பிடித்த இரும்பின் நிறத்தில் இருக்கும். கரையோரக் கற்களின் மேல் காவிப் படலம். மழைக்காலத்துச் செம்மண் வெள்ளமாக இருக்கும் என்று நினைக்கத் தோன்றும். ஆனால் கோடையிலும் அதே நிறம், பனிக்காலத்திலும் அதே நிறம். மீன் இல்லை. ஆடு மாடுகளும் வாய் வைக்காது.

ஓடையின் பெயர் ரோஷியா. ருமேனிய மொழியில் 'ரோஷு' என்றால் சிவப்பு. அதன் பெண்பால் வடிவம்தான் ரோஷியா. தமிழில் சொன்னால், 'சிவந்தவள்'. ஓடைக்கு வைத்த பெயர் கரையில் இருந்த ஊருக்கும் ஒட்டிக்கொண்டது. ரோஷியா மொன்டானா என்ற அந்த ஊரின் பெயர் கடந்த இருபது ஆண்டுகளில் ருமேனிய நாடாளுமன்றம், யுனெஸ்கோ, உலக வங்கியின் தீர்ப்பாயம் என்று எங்கெங்கோ ஒலித்துவிட்டது.

ஓடை ஏன் சிவந்தது? அந்த மலைப் பாறைகளுக்குள் பைரைட் என்ற தாது நிறைய இருக்கிறது. இரும்பும் கந்தகமும் சேர்ந்தது. பார்வைக்குத் தங்கம் போல மின்னி ஏமாற்றும். மலைக்குள் மூடிக் கிடக்கும் வரை அதனால் தொல்லை இல்லை. மலையைக் குடைந்தால் காற்றும் தண்ணீரும் உள்ளே போகும். பைரைட் கரைந்து கந்தக அமிலம் உண்டாகும். அந்த அமிலம் பாறையிலுள்ள இரும்பைக் கரைத்துக்கொண்டு வெளியே வரும். வெளிக்காற்று பட்டதும் இரும்பு துருவாகப் படியும். அதுதான் அந்தச் சிவப்பு. தங்கம் தேடி மனிதர்கள் தோண்டத் தோண்ட ஓடை சிவந்தது. அவர்களுடைய தொழிலின் கழிவே ஊருக்குப் பெயராகிவிட்டது.

பெயரின் இரண்டாம் பாதியான 'மொன்டானா' மலையைக் குறிப்பது போலத் தெரியும். அமெரிக்காவின் மொன்டானா மாநிலம் நினைவுக்கு வரும். ஆனால் இந்தப் பகுதியை நெடுங்காலம் ஆண்ட ஆஸ்திரியர்களின் ஜெர்மன் மொழியில் 'மொன்டான்' என்ற முன்னொட்டுக்குச் சுரங்கத் தொழில் சார்ந்தது என்று பொருள். ஆஸ்திரியாவின் லியோபென் நகரில் உள்ள சுரங்கவியல் பல்கலைக்கழகத்தின் பெயரிலும் இதே சொல்தான் இருக்கிறது. ஆக, 'மலையிலுள்ள சிவந்தவள்' என்றும் படிக்கலாம், 'சுரங்கத்துச் சிவந்தவள்' என்றும் படிக்கலாம். ஊருக்கு இரண்டுமே பொருந்தும்.

பதினாறு கிராமங்கள், ஒன்றில்கூடத் தங்கம் இல்லை

ருமேனியாவில் கிராமங்களைத் தொகுத்து 'கொமூனா' என்ற உள்ளாட்சியாக வைத்திருக்கிறார்கள். நம் ஊர்ப் பஞ்சாயத்து மாதிரி. ஆல்பா மாவட்டத்தில் இருக்கும் ரோஷியா மொன்டானா அப்படி 16 கிராமங்கள் சேர்ந்த ஒரு கொமூனா. ஆறேழு வீடுகள் இங்கே, பத்து வீடுகள் அங்கே என்று மலைச்சரிவெங்கும் சிதறிக் கிடக்கும் குடியிருப்புகள்.

அந்தக் கிராமங்களின் பெயர்களை வரிசையாகப் படித்தால் ஒரு விஷயம் கண்ணில் படும். கூரா ரோஷியே என்றால் 'ரோஷியாவின் வாய்', அதாவது ஓடை போய்ப் பெரிய ஆற்றோடு சேரும் இடம். கர்ப்பினிஷ், ஒரு வகைக் காட்டு மரத்தின் தோப்பு. த்ஸாரினா, ஊர் எல்லையில் உழுத நிலம். குரதூரி, காடு திருத்திய இடம். கோஸ்தா ஹென்த்ஸி என்ற பெயரில் வரும் 'கோஸ்தா' மலைச்சரிவு. வர்தோப், பள்ளம். யாக்கோபெஷ்டி, இக்னத்ஸெஷ்டி போன்ற பெயர்களின் கடைசியில் வரும் 'எஷ்டி' என்பது 'இன்னாருடைய வழியினர்' என்று காட்டும் விகுதி. யாக்கோபின் குடும்பத்தார், இக்னாத்தின் குடும்பத்தார் குடியேறிய இடங்கள் அவை. ருமேனியாவின் தலைநகர் புக்காரெஸ்டை ருமேனியர்கள் 'புக்குரெஷ்டி' என்றுதான் சொல்வார்கள். அங்கும் அதே விகுதிதான்.

தண்ணீர், மரம், வயல், சரிவு, முன்னோர். இரண்டாயிரம் ஆண்டுகளாகத் தங்கம் தோண்டிய மண்ணில் ஒரு கிராமத்தின் பெயரிலாவது தங்கம் இருக்க வேண்டாமா? பதினாறில் ஒன்றிலும் இல்லை.

தங்கம் வெளியே இருக்கிறது. இதே ஊருக்கு ஜெர்மன்காரர்கள் வைத்த பெயர் கோல்ட்பாக், 'தங்க ஓடை'. ஊரின் ஓடை அப்ருட் ஆற்றில் சேர்கிறது, அப்ருட் அரியேஷ் ஆற்றில் சேர்கிறது. அந்த அரியேஷை ஹங்கேரியர்கள் 'அரன்யோஷ்' என்பார்கள். பொன் கொண்டது என்று அர்த்தம். தெற்கே ஸ்லாட்னா என்றொரு ஊர் இருக்கிறது. ஸ்லாவிய மொழிகளில் 'ஸ்லாட்டோ' என்றால் தங்கம். ரோமானியர் காலத்தில் அங்கேதான் தங்கச் சுரங்கங்களை மேற்பார்வையிடும் அரசு அதிகாரி உட்கார்ந்திருந்தார்.

எல்லாமே இந்தக் கணக்குக்குள் அடங்கிவிடாது என்பதையும் சொல்ல வேண்டும். ஹங்கேரியர்கள் இந்த ஊரை 'வெரெஷ்பதாக்' என்றார்கள். செவ்வோடை. தலைமுறை தலைமுறையாக அங்கேயே வாழ்ந்து, அந்தத் தண்ணீரை தினமும் பார்த்த ஹங்கேரியக் குடும்பங்களும் இருந்தன. அவர்கள் கண்ணிலும் நிறம்தான் முதலில் பட்டிருக்கிறது.

எங்கே நின்று பார்க்கிறோம் என்பதும் பெயரை மாற்றிவிடும். 'அப்புஸ்' என்றால் ருமேனியத்தில் சூரியன் மறைவது. அப்புசேனி, சூரியன் மறையும் திசையிலுள்ள மலைகள். கிழக்கே ட்ரான்சில்வேனியாவின் நடுப்பகுதியில் வாழ்பவர்கள் வைக்கக்கூடிய பெயர் அது. டிராகுலா கதையால் உலகத்துக்கே பழகிப்போன ட்ரான்சில்வேனியா என்ற சொல்லுக்கோ 'காட்டுக்கு அப்பால்' என்று பொருள். அது மேற்கே ஹங்கேரியச் சமவெளியில் நிற்பவரின் பார்வை.

பக்கத்துக் கொமூனாவான புச்சுமில் கரும்பாறைத் தூண்களாக எழுந்து நிற்கும் இரண்டு குன்றுகளுக்கு 'தெதுனாத்தா' என்று பெயர். இடி விழுந்தது, இடிபோல் முழங்கியது என்று அர்த்தம். ஒன்று மொட்டைத் தெதுனாத்தா, இன்னொன்று மரங்கள் அடர்ந்த சடைத் தெதுனாத்தா! இந்தத் தூண்கள் எரிமலைக் குழம்பு குளிர்ந்து உறைந்தவை. ரோஷியா மொன்டானாவின் தங்கமும் எரிமலை தந்ததுதான். நெடுங்காலத்துக்கு முன்பே எரிமலைகள் ஓய்ந்துபோன பகுதி இது. பூமிக்கடியிலிருந்து மேலேறிய கொதிநீர் பாறை விரிசல்களில் தங்கத்தையும் வெள்ளியையும் படியவைத்துவிட்டுப் போனது.

ஆறு வயதுச் சிறுமிக்கு விலை 205

கி.பி. 106-ல் ரோமப் பேரரசர் டிராஜன் டாசியா நாட்டைப் போரில் வென்றார். இன்றைய ருமேனியாவின் பெரும்பகுதி அது. தங்கத்தின் மேல் ரோமுக்கு ஒரு கண் இருந்தது. சுரங்கம் தோண்டத் தெரிந்த ஆட்களை அட்ரியாட்டிக் கடலோரத்து டால்மேஷியா மலைகளிலிருந்து கொண்டுவந்து குடியேற்றினார்கள். பிருஸ்டே என்ற இனத்தவர் அவர்களில் முக்கியமானவர்கள். குடியேற்றத்தின் பெயர் ஆல்புர்னஸ் மையோர். 'மையோர்' என்றால் பெரிய.

இந்தப் பெயர் ஏறத்தாழ 1,600 ஆண்டுகள் மண்ணுக்குள் புதைந்து கிடந்தது. 1786-க்கும் 1855-க்கும் இடையே, பழைய சுரங்கக் குடைவுகளுக்குள் புகுந்த தொழிலாளர்கள் கையில் மரப்பலகைகள் கிடைத்தன. ஊசியிலை மரத்தில் செய்து, நடுவில் குழித்து, மெழுகு பூசி, அந்த மெழுகின் மேல் எழுத்தாணியால் கீறிய பலகைகள். புத்தகம் போல மூன்று மூன்றாகக் கட்டி வைத்திருந்தார்கள். சாட்சிகளின் முத்திரைகளும் உண்டு. காற்றுப் புகாத குடைவுக்குள் இருந்ததால் அவை மக்கிப்போகவில்லை. கிறுக்கல் போல இருந்த அந்தக் கையெழுத்தை முதலில் படித்தவர் ஜெர்மன் அறிஞர் மாஸ்மன். அது 1840-களின் தொடக்கம். அதற்கப்புறம் மாம்சன் என்ற பெரும் வரலாற்றாசிரியர் எல்லாவற்றையும் தொகுத்தார். ரோம் நகரம், சீசர், போர்க்களம் என்று எதுவும் அவற்றில் இல்லை. கடன் பத்திரம், கூலி ஒப்பந்தம், வீடு விற்ற கிரயம், அடிமை வாங்கிய ரசீது. அவ்வளவுதான். ஊரின் பெயர் பதிவான மிகப் பழைய பலகையின் தேதி கி.பி. 131, பிப்ரவரி 6.

கி.பி. 139, மார்ச் 17. பாஸியா என்றொரு சிறுமி விற்கப்படுகிறாள். வயது ஏறக்குறைய ஆறு. வாங்குபவர் பட்டோவின் மகன் மாக்சிமஸ். விற்பவர் பிருஸ்டே இனத்தைச் சேர்ந்த டாசியஸ். விலை 205 தெனாரியஸ் வெள்ளிக் காசு. பிள்ளை ஆரோக்கியமானவள், திருட்டுப் பழக்கம் இல்லாதவள், ஓடிப்போகும் வழக்கம் இல்லாதவள் என்று விற்பவர் உத்தரவாதம் தருகிறார். பலகையில் இதற்கு மேல் அவளைப் பற்றி ஒன்றுமில்லை.

கி.பி. 159-ல் அதே ஊரில் ஒரு வீட்டின் பாதி கைமாறுகிறது. உள்ளே நுழையும்போது வலப்பக்கம் இருக்கும் பாதி. விலை 300 தெனாரியஸ். வீடு இருக்கும் இடம் 'விக்கஸ் பிருஸ்டாரும்', பிருஸ்டே மக்களின் தெரு. பிழைக்க வந்த சனம் தங்கள் பெயரால் ஒரு தெருவை உண்டாக்கிக்கொண்டது.

கி.பி. 164 மே மாதத்தில் மெம்மியஸ் என்பவர் தங்கச் சுரங்கத்தில் வேலைக்குச் சேர்கிறார். நவம்பர் நடுப்பகுதி வரை ஆறு மாத வேலை. சாப்பாடு போட்டு 70 தெனாரியஸ் கூலி. சுரங்கத்தில் வெள்ளம் புகுந்து வேலை நின்றால் அதற்கேற்பக் கூலி குறையும் என்று ஒரு நிபந்தனை. மெம்மியஸுக்கு எழுதத் தெரியாது என்பதால் வேறொருவர் அவருக்காக எழுதித் தருகிறார். இவர் மூன்று பருவம் மண்ணுக்குள் உழைத்தால், அதுவும் ஒரு காசு செலவழிக்காமல் இருந்தால், கிட்டத்தட்ட பாஸியாவின் விலை சேரும்.

மனதைப் பிசையும் இன்னொரு பலகையின் தேதி கி.பி. 167, பிப்ரவரி 9. சுரங்க ஊரில் ஈமச் சடங்குச் சங்கம் ஒன்று இருந்தது. மாதாமாதம் சந்தா கட்டினால், இறந்தபின் அடக்கச் செலவைச் சங்கம் ஏற்கும். அதன் தலைவர் ஆர்ட்டெமிடோரஸ் ஊரறிய ஓர் அறிவிப்பு ஒட்டுகிறார். 54 பேர் இருந்த சங்கத்தில் இப்போது ஆல்புர்னஸில் மிஞ்சியிருப்பவர்கள் 17 பேர்தான். இணைத் தலைவர் பதவியேற்ற நாளிலிருந்து ஊர்ப்பக்கம் வந்ததே இல்லை. பெட்டியில் பணமில்லை. இனிமேல் யாராவது இறந்தால் சங்கம் இருக்கிறது என்று நம்பி வர வேண்டாம்.

அந்த ஆண்டு மே மாதத்தோடு பலகைகளும் நின்றுவிடுகின்றன. வடக்கே டான்யூப் எல்லையில் போர் மூண்டுகொண்டிருந்த காலம். பத்திரங்களைக் குடைவுக்குள் பத்திரப்படுத்தியவர்கள் திரும்பி வந்து எடுக்கவில்லை. ரோமானியர்கள் மேலும் நூறு ஆண்டுகள் இருந்துவிட்டு டாசியாவைக் கைவிட்டுப் போனார்கள். ஆல்புர்னஸ் மையோர் என்ற பெயரைச் சொல்ல ஊரில் ஆளில்லாமல் போயிற்று.

குளமும் உலக்கையும்

மலை மட்டும் அப்படியே இருந்தது. பல நூற்றாண்டுகளில் மறுபடியும் ஆட்கள் வந்தார்கள். ருமேனியர், ஹங்கேரியர், ஜெர்மானியர். ஊரில் இன்றும் ஐந்து கிறிஸ்தவப் பிரிவுகளின் தேவாலயங்கள் இருக்கின்றன. ஆர்த்தடாக்ஸ், கிரேக்கக் கத்தோலிக்கம், ரோமன் கத்தோலிக்கம், கால்வினியம், யுனிடேரியன். இத்தனை சிறிய மலை ஊருக்கு ஐந்து பிரிவுகள் என்றால், யார் யாரெல்லாம் தங்கம் தேடி வந்து தங்கிப்போனார்கள் என்று புரிந்துகொள்ளலாம்.

பேச்சிலும் அந்தத் தடம் உண்டு. ஊரைச் சுற்றி மலை மேல் வெட்டிய ஏரிகள் இருக்கின்றன. ஆஸ்திரிய ஆட்சியில், 18-ஆம் நூற்றாண்டில் இவற்றைப் பெரிய அளவில் கட்டினார்கள். ஏரியை உள்ளூரில் 'தௌ' என்பார்கள். ஹங்கேரிய மொழியின் 'தோ' அது. தௌல் மாரே, பெரிய ஏரி. தௌல் பிராஸி, ஊசியிலை மர ஏரி. அந்த ஏரித் தண்ணீரைத் திறந்துவிட்டுச் சக்கரம் சுழற்றி, வரிசையாக நிற்கும் கனத்த மர உலக்கைகள் தாதுக்கல்லை இடிக்கும்படி செய்தார்கள். இரவும் பகலும் டங் டங் என்று இடிக்கும் அந்த ஆலைக்குப் பெயர் 'ஷ்தியாம்ப்'. அது ஜெர்மன் சொல். ஏரி ஹங்கேரியனுடையது, உலக்கை ஜெர்மன்காரனுடையது, ஓடையின் சிவப்பு ருமேனியனுடையது!

வீட்டுக்கு வீடு சுரங்கம் இருந்த காலம் அது. குடும்பமாகச் சேர்ந்து குடைவார்கள். கல்லைக் கூடையில் நிரப்பிக் குதிரை மேல் ஏற்றி உலக்கை ஆலைக்குக் கொண்டுவருவார்கள். பெண்களும் பிள்ளைகளும் தாதுக் கல் பொறுக்குவார்கள். இடித்த மாவைத் தண்ணீரில் அலசினால் அடியில் பொன் துகள் நிற்கும்.

1948-ல் கம்யூனிஸ்ட் அரசு சுரங்கங்களை நாட்டுடைமையாக்கியது. தனியார் குடைவுகள் மூடின, உலக்கை ஆலைகளைக் கலைத்தார்கள். 1970-களில் அரசு திறந்தவெளிச் சுரங்கத்தை ஆரம்பித்தது. வெடி வைத்த இடம் 'செதாத்தே' என்ற குன்று. செதாத்தே என்றால் கோட்டை. ரோமானியர்கள் குடைந்த பெரும் குகைகள், நிற்க வைத்த பாறைத் தூண்கள் எல்லாம் சேர்ந்து அந்தக் குன்றுக்குக் கோட்டை போன்ற தோற்றம் தந்திருந்தன. சில ஆண்டுகளில் அது வெடித்துச் சிதறிக் கல்லாகிப்போனது. கோட்டை என்ற பெயர் மட்டும் இன்று ஒரு பள்ளத்தின் மேல் நிற்கிறது.

'இரட்டை' என்ற பெயரில் ஒரு கோபுரம்

ரோஷியா மொன்டானாவுக்குப் பக்கத்திலேயே இன்னொரு ரோஷியா உண்டு. ரோஷியா பொயேனி. அங்கே கிடைத்தது செம்பு. 1970-களின் கடைசியில் சௌஷெஸ்கு அரசு அந்தச் செம்புச் சுரங்கத்தின் கழிவுச் சேற்றைக் கொட்ட ஒரு பள்ளத்தாக்கைத் தேர்ந்தெடுத்தது. அதில் ஜாமனா என்றொரு கிராமம் இருந்தது. 'ஜாமனா' என்றால் ருமேனியத்தில் இரட்டைப் பிள்ளைகளில் ஒருத்தி. நானூறு குடும்பங்கள் வரை வெளியேற வேண்டியிருந்தது. சேறு ஏற ஏற வீடுகள் மறைந்தன, கல்லறைத் தோட்டம் மறைந்தது. தேவாலயத்தின் கோபுரம் மட்டும் பல ஆண்டுகள் சாம்பல் நிற, செந்நிறச் சேற்று ஏரிக்கு மேல் தலை நீட்டிக்கொண்டிருந்தது. புகைப்படக்காரர்கள் தேடிப்போய்ப் படம் எடுத்த கோபுரம் அது.

ரோஷியா மொன்டானா மக்களுக்கு அடுத்து வந்த சோதனையைப் புரிந்துகொள்ள ஜாமனாவைப் பார்த்துவிட வேண்டும். மலைக்கு அந்தப் பக்கம் நடந்ததை இந்தப் பக்கத்தவர்கள் கண்ணால் கண்டிருந்தார்கள்.

1990-களின் இறுதியில் கனடாவைச் சேர்ந்த கேப்ரியல் ரிசோர்சஸ் நிறுவனம் ருமேனிய அரசு நிறுவனத்தோடு கூட்டுச் சேர்ந்து இங்கே வந்தது. மலைக்குள் இன்னும் 300 டன் அளவில் தங்கம் இருப்பதாகக் கணக்கு. ஆனால் கண்ணுக்குத் தெரியும் கட்டிகளாக இல்லை. டன் கணக்கில் பாறையைப் பொடித்துச் சயனைடு கரைசலில் ஊறவைத்தால்தான் கிராம் கணக்கில் பொன் பிரியும். நான்கு குன்றுகளைத் திறந்து தோண்டுவது, கழிவைக் கோர்னா பள்ளத்தாக்கில் அணை கட்டித் தேக்குவது என்பது திட்டம். பதினாறு கிராமங்களில் ஒன்றான கோர்னா, தன் தேவாலயங்களோடும் கல்லறைகளோடும் அந்த அணைக்குள் போயிருக்கும்.

2000-ஆம் ஆண்டு ஜனவரி 30 அன்று ருமேனியாவின் வடக்கே பாயா மாரே நகரின் அருகே வேறொரு தங்க ஆலையின் கழிவுக் குட்டை உடைந்தது. ஒரு லட்சம் கன மீட்டர் சயனைடு நீர் ஆறுகளில் கலந்து ஹங்கேரியின் டிஸ்ஸா நதி வழியாக டான்யூப் வரை போனது. டன் டன்னாக மீன் செத்து மிதந்தது. 'பாயா மாரே' என்ற பெயருக்குப் பொருள், பெரிய சுரங்கம்.

அதே 2000-ல் ரோஷியா மொன்டானாவின் விவசாயிகளும் வீட்டுச் சொந்தக்காரர்களும் சேர்ந்து ஒரு சங்கம் தொடங்கினார்கள். நிலத்தையும் வீட்டையும் விற்க மாட்டோம் என்பது அவர்களது நிலை. சங்கத்துக்கு அவர்கள் வைத்த பெயர், ஆல்புர்னஸ் மையோர். மெழுகுப் பலகைகளிலிருந்து எடுத்த பெயர். நிறுவனத்தின் பெயரில் 'ரோஷியா மொன்டானா' இருந்தது. எதிர்த்தவர்கள் அதைவிடப் பழைய பெயரை எடுத்துக்கொண்டார்கள்.

எதிர்ப்பு என்றால் ஊர் முழுக்க எதிர்த்தது என்று நினைத்துவிடக் கூடாது. செய்திகளில் பெரும்பாலும் விடுபட்டுப்போகும் பகுதி இதுதான். அரசுச் சுரங்கம் 2006-ல் மூடியதும் ஊரில் வேறு வேலை இல்லை. தாத்தா சுரங்கம், அப்பா சுரங்கம், பேரனுக்கு என்ன? நிறுவனம் தந்த விலையை வாங்கிக்கொண்டு பலர் வீட்டை விற்றார்கள். ஆல்பா யூலியா நகரின் ஓரத்தில் அவர்களுக்கென்று ரெச்சியா என்ற புதிய குடியிருப்பு எழுந்தது. விற்ற வீடுகள் பலவற்றை இடித்தார்கள். 2012 டிசம்பரில் சுற்றுவட்டார ஊர்களில் பொதுவாக்கெடுப்பு நடந்தபோது, வாக்களித்தவர்களில் பெரும்பான்மையினர் சுரங்கம் வேண்டும் என்றே சொன்னார்கள். பாதிப் பேர்கூட வாக்களிக்க வராததால் அந்த முடிவு செல்லாமல் போனது. ஒரே வீட்டில் அண்ணன் விற்றுவிட்டுப் போக, தம்பி மறுத்துத் தங்கிய கதைகள் இந்த மாதிரி ஊர்களில் சகஜம். அக்கம்பக்கத்தார் முகம் பார்க்காமல் போன ஆண்டுகள் அவை.

54 பேர் 17 பேராகக் குறைந்த அந்தப் பழைய பலகை, இந்தக் காலத்தில் ஊர்க்காரர்கள் யாரேனும் படித்திருந்தால் எப்படி இருந்திருக்கும்?

2013 ஆகஸ்டில் சுரங்கத்துக்கு வழிவிடும் தனிச் சட்ட மசோதாவை அரசு கொண்டுவந்தது. செப்டம்பர் முதல் நாளிலிருந்தே புக்காரெஸ்ட், க்ளுஜ் நகரங்களில் மக்கள் தெருவுக்கு வந்தார்கள். ஞாயிற்றுக்கிழமைதோறும் பல்லாயிரம் பேர். காலி பிளாஸ்டிக் பாட்டில்களைத் தரையில் தட்டித் தாளம் போட்டுக்கொண்டு நடந்தார்கள். பெரும்பாலானோர் அந்த ஊருக்கு ஒருமுறைகூடப் போயிராத நகரத்து இளைஞர்கள். ஒரு ஊரின் பெயர் ஒரு தலைமுறையின் முழக்கமாகியது அப்போதுதான். அந்த ஆண்டு நவம்பரில் செனட் மசோதாவை நிராகரித்தது. 2014 ஜூனில் கீழவையும் நிராகரித்தது.

2021 ஜூலையில் 'ரோஷியா மொன்டானா சுரங்க நிலக்காட்சி' யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏறியது. அதே நாளில் ஆபத்திலுள்ள பாரம்பரியங்களின் பட்டியலிலும் ஏறியது. இதுவரை அறியப்பட்ட ரோமானியர் காலத்து நிலத்தடித் தங்கச் சுரங்கங்களில் மிகப் பெரியதும் தொழில்நுட்ப வகைகள் நிறைந்ததும் இதுதான் என்பது யுனெஸ்கோ சொன்ன காரணம். நிறுவனம் விடவில்லை. உலக வங்கியின் முதலீட்டுத் தகராறுத் தீர்ப்பாயத்தில் 2015-லேயே பல நூறு கோடி டாலர் இழப்பீடு கேட்டு வழக்குப் போட்டிருந்தது. 2024 மார்ச் 8 அன்று தீர்ப்பாயம் ருமேனியாவின் பக்கம் முடிவு சொன்னது.

இப்போது போனால்

ஆல்பா யூலியாவிலிருந்து மலைப்பாதையில் ஏறத்தாழ 80 கிலோமீட்டர். கூரா ரோஷியேயில் பெரிய சாலையிலிருந்து பிரிந்து, சிவப்பு ஓடையின் கரையோரமாகவே மேலேற வேண்டும். சுரங்க அருங்காட்சியகத்தில் படியிறங்கினால் ரோமானியர்களின் குடைவுக்குள் போகலாம். 150 படிகளுக்கு மேல் இருக்கும். உளியும் சுத்தியலும் கொண்டு செதுக்கிய பாதைகள், மேலே குறுகிக் கீழே அகன்ற சரிவக வடிவத்தில் ஒரே அளவாக நீள்கின்றன. சுவரில் விளக்கு வைத்த மாடங்கள். மெம்மியஸ் போன்றவர்களின் எண்ணெய் விளக்குகள் எரிந்த இடங்கள்.

ஊர்ச் சதுக்கத்தைச் சுற்றி 18, 19-ஆம் நூற்றாண்டு வீடுகள். சில பூட்டிக் கிடக்கின்றன, சில கூரை இறங்கி நிற்கின்றன. 2012-லிருந்து 'ஒரு வீட்டைத் தத்தெடுங்கள்' என்ற திட்டத்தின் கீழ் கட்டடக்கலைஞர்களும் மாணவர்களும் கோடைதோறும் வந்து, சுண்ணாம்பும் மரமும் கொண்டு வீடு வீடாகப் பழுது பார்க்கிறார்கள். உலக்கை ஆலைகளுக்காக வெட்டிய ஏரிகளில் பிள்ளைகள் நீந்துகிறார்கள். கோர்னா இருக்கிறது. அதன் மேட்டில் தேவாலயமும் இருக்கிறது. சுற்றிலும் பல வீடுகளின் அடித்தளங்கள் மட்டும் புல்லுக்குள் தெரிகின்றன.

சுரங்கம் மூடியாகிவிட்டது. ஆனால் குடைவுகளுக்குள் காற்றும் மழைத் தண்ணீரும் போவது நிற்காது. பைரைட் கரைந்துகொண்டுதான் இருக்கிறது. பழைய குடைவின் வாயிலிருந்து கசியும் அந்தப் புளிப்புத் தண்ணீர் ஓடையில் சேர்ந்து, கூரா ரோஷியேயில் அப்ருட் ஆற்றின் தெளிந்த நீரோடு கலக்கிறது. சேரும் இடத்தில் கொஞ்ச தூரம் வரை இரண்டு நிறமும் தனித்தனியாகத் தெரியும்.